நத்தம் ரோட்டுக்கு இடது கைப் பக்கம்

எங்கள் ஆத்தா தைப்பூசத்துக்குப் பழனிக்கு நடந்தது மொத்தம் 19 வருஷம். குன்றக்குடியில் கிளம்பினால் சிங்கம்புணரி, நத்தம், திண்டுக்கல், ஒட்டன்சத்திரம் என்று போகிற பாதை, ஏறக்குறைய 150 கிலோமீட்டர். காவடி எடுக்கிற நகரத்தார் கூட்டம் மட்டும் இல்லை, காரைக்குடியைச் சுற்றியிருக்கிற எல்லா ஊர் ஜனங்களும், புதுக்கோட்டைப் பக்கத்து ஆட்களும்கூட அந்த ரோட்டில்தான் நடப்பார்கள். அப்படி நடக்கும்போது நத்தத்தைத் தாண்டியதும் இடது கைப் பக்கம் ஒரு மலை வந்து சேர்ந்துகொள்ளும். திண்டுக்கல் எல்லை வருகிறவரைக்கும் கூடவே வரும். விடியற்காலையில் கறுப்பாக இருக்கும், வெயில் ஏற ஏற நீலமாகும், சாயங்காலம் பார்த்தால் மடிப்பு மடிப்பாகத் தெரியும் என்று ஆத்தா சொல்வார். அதுதான் சிறுமலை. 19 வருஷமும் அதைப் பார்த்துக்கொண்டே நடந்தவர் ஒரு தடவைகூட ஏறினதில்லை. பாதயாத்திரை போகிறவர்களுக்கு முருகனிடம் போய்ச் சேருவதுதான் நினைப்பு, வழியில் இருக்கிற மலையில் ஏறிப் பார்க்க யாருக்குத் தோன்றும்.

மூட்டுத் தேய்மானம் வந்து நடை நின்று 4 வருஷம் ஆகிறது. போன கார்த்திகையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆத்தாவை அந்த மலைக்குக் கூட்டிக்கொண்டு போய் வந்தேன். காரைக்குடியில் விடியக் கிளம்பி ராத்திரி வீடு திரும்புகிற ஒருநாள் பயணம், வழிகாட்டியும் உண்டு. அதைப் பற்றித்தான் எழுதப்போகிறேன், கொஞ்சம் நீளமாகவே போகும்.

அதற்கு முன்னால் கொடைக்கானல் போன கதையைச் சொல்லிவிடுகிறேன். முந்தின வருஷம் இதே மாதிரி ஒருநாள் பயணம் என்று ஒரு விளம்பரத்தைப் பார்த்துவிட்டு ஆத்தாவோடு கொடைக்கானலுக்குப் போனேன். காரைக்குடியிலிருந்து ஏறக்குறைய 200 கிலோமீட்டர். திண்டுக்கல், வத்தலக்குண்டு, அப்புறம் மலைப்பாதை. நடுராத்திரி 2 மணிக்கு வேனில் ஏற்றினார்கள். கொடைக்கானலுக்கு வண்டியில் போக 2024 மே 7 முதல் இ-பாஸ் வேண்டும், உயர் நீதிமன்ற உத்தரவு. ஏற்பாடு செய்தவர்கள் அதை எடுக்காமலே கிளம்பிவிட்டதால் சோதனைச் சாவடியில் ஓரங்கட்டி, போனில் பதிவு செய்து முடிக்க முக்கால் மணி நேரம் போயிற்று. மேலே போய்ச் சேர்ந்தபின் வெள்ளி அருவியில் பத்து நிமிஷம், கோக்கர்ஸ் வாக்கில் பதினைந்து நிமிஷம், ஏரியை வேனுக்குள் உட்கார்ந்தபடியே ஒரு சுற்று. வழிகாட்டி என்று கூட வந்த பையன் எத்தனை மணிக்கு வண்டிக்குத் திரும்ப வேண்டும் என்பதைத் தவிர வேறு எதையும் சொல்லவில்லை. அந்த ஏரி 1863ல் ஒரு ஆங்கிலேய கலெக்டர் கரை கட்டித் தேக்கியது, அங்கே சரிவுகளில் இருக்கிற குறிஞ்சி 12 வருஷத்துக்கு ஒரு தடவை பூக்கும், 2018ல் பூத்தது, இனி 2030ல்தான் என்பதெல்லாம் வீட்டுக்கு வந்தபிறகு நானாகப் படித்துத் தெரிந்துகொண்டவை. ஆத்தாவுக்கு இறங்கும்போது இரண்டு தடவை வாந்தி. வீடு வந்து சேர்ந்தபோது ராத்திரி 1 மணி. பாவம், மறுநாள் முழுக்க எழுந்திருக்கவே இல்லை.

என்னைக் கேட்டால், காரைக்குடியிலிருந்து கொடைக்கானல் ஒரே நாளில் போய் வருகிற இடமே இல்லை. ஒரு ராத்திரியாவது தங்க வேண்டும். வயதானவர்களோடு போகிறவர்கள் தயவுசெய்து இதைக் கேளுங்கள். வழிகாட்டி விஷயத்தில் வயது, படிப்பு எதையும் நான் பார்ப்பதில்லை, அந்த மலையில் இருக்கிற ஆளா என்று மட்டும் பார்க்கிறேன். இது இந்தத் தடவை போய் வந்தபிறகு வந்த தெளிவு.

சரி, சிறுமலைக்கு வருகிறேன். பயணத்தை ஏற்பாடு செய்தவர் காரைக்குடியில் பள்ளி ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். மாதம் ஒரு தடவை, பன்னிரண்டு பேருக்கு மேல் சேர்ப்பதில்லை, ஒரு டெம்போ டிராவலர். தலைக்கு 1,600 ரூபாய், மதியச் சாப்பாடு அதிலேயே அடக்கம். முதல் போனிலேயே அவர் சொன்னது எனக்குப் பிடித்துப்போயிற்று: "அடிவாரம் வரைக்கும்தாம்மா நான் சொல்லுவேன். மேல நமக்கு ஒண்ணும் தெரியாது, அங்க ஒருத்தர் இருக்கார், அவர் வந்து ஏறிக்கிடுவார்." ஆத்தாவின் முழங்காலைப் பற்றிச் சொன்னதும், எத்தனை படி ஏற முடியும், எவ்வளவு நேரம் தொடர்ந்து உட்காரலாம் என்று நிதானமாகக் கேட்டு எழுதிக்கொண்டார். முன் சீட்டை ஆத்தாவுக்கு ஒதுக்கியும் வைத்திருந்தார்.

காலை 5.15க்குக் கிளம்பினோம். கோட்டையூரிலிருந்து ஒரு கணவன் மனைவி, பள்ளத்தூரிலிருந்து அக்கா தங்கை இரண்டு பேர், கல்லூரிப் பிள்ளைகள் நான்கு பேர், இப்படி. திருப்பத்தூர் வருகிறவரைக்கும் எல்லோரும் தூக்கம். சிங்கம்புணரியைத் தாண்டும்போது வெளிச்சம் வந்துவிட்டது. சார் வண்டியை ஓரமாக நிறுத்தச் சொல்லி, தூரத்தில் தெரிந்த பிரான்மலையைக் காட்டினார். நம் சிவகங்கை மாவட்டத்துக்கு என்று இருக்கிற உயரமான மலை. அதுதான் பாரி ஆண்ட பறம்பு மலை என்று சொல்லி, முல்லைக்குத் தேர் கொடுத்தது, மூவேந்தர்கள் முற்றுகை போட்டது, பாரி போனபிறகு அவன் பெண்மக்கள் இரண்டு பேரையும் கபிலர் கூட்டிக்கொண்டு அலைந்தது எல்லாவற்றையும் பத்தே நிமிஷத்தில் சொன்னார். அடிவாரத்தில் கொடுங்குன்றநாதர் கோயில், உச்சியில் ஒரு தர்கா, இரண்டுக்கும் ஜனங்கள் போகிறார்கள். கதை முடிந்ததும் ஆத்தா என் பக்கம் திரும்பி, "இத்தனை வருஷம் இந்த வழியா நடந்தேன், பாரி மலைன்னு ஒருத்தரும் சொல்லலையே" என்றார். எனக்கும் அப்படித்தான் இருந்தது. பள்ளிக்கூடத்தில் பாரியை மனப்பாடம் செய்தேன், மலை வீட்டிலிருந்து ஒரு மணி நேரத் தொலைவில் இருப்பது தெரியாமல்.

நத்தத்தில் காலைச் சாப்பாடு. வீட்டிலிருந்து கட்டிக்கொண்டு போன இட்லி, மிளகாய்ப்பொடி, ஒரு டப்பா சீடை. நத்தத்தைச் சுற்றிலும் மாந்தோப்பும் புளியமரமும்தான். வலது பக்கம் கரந்தமலை, இடது பக்கம் சிறுமலை, இரண்டுக்கும் நடுவில் ரோடு. இங்கிருந்து பேச்சு ஆத்தாவிடம் போய்விட்டது. இந்த மரத்தடியில் படுத்தோம், இந்த இடத்தில் மோர் கொடுப்பார்கள், இங்கேதான் காலில் கொப்புளம் உடைந்து வேப்பெண்ணெய் போட்டுக்கொண்டேன் என்று ஒவ்வொரு மைலுக்கும் ஒரு சேதி சொல்லிக்கொண்டே வந்தார். சாரும் மற்றவர்களும் குறுக்கே பேசாமல் கேட்டார்கள். பள்ளத்தூர் அக்காவும் இரண்டு வருஷம் நடந்தவராம், அவர் வேறு சேர்ந்துகொண்டார்.

திண்டுக்கல்லுக்குக் கொஞ்சம் முன்னாலேயே சிறுமலைப் பிரிவில் இடது பக்கம் திரும்பினோம். சோதனைச் சாவடியில் வண்டி எண்ணையும் ஆட்கணக்கையும் எழுதிக்கொண்டார்கள். அங்கேதான் மலை வழிகாட்டி ஏறினார். அறுபது வயதிருக்கும், சட்டைப் பையில் ஒரு சின்னக் கத்தி, தோளில் துண்டு. தாத்தா காலத்திலிருந்து மேலே தோட்டம் வைத்திருக்கிற குடும்பம். ஆத்தாவைப் பார்த்ததும் "வாங்க ஆச்சி" என்று கும்பிட்டுவிட்டு, வேட்டி மடியிலிருந்து ஒரு எலுமிச்சம்பழத்தை எடுத்துக் கையில் கொடுத்தார். "வளைவுல கீழ பாக்காதீங்க, எதிர்ல தூரமா ரோட்டையே பாருங்க. நான் சொல்றப்ப மட்டும் பக்கத்துல பாத்தாப் போதும்."

மொத்தம் 18 கொண்டை ஊசி வளைவுகள். மூன்று நான்கு வளைவுக்கு ஒரு தடவை நிறுத்தச் சொல்லி இறக்கிவிட்டார், ஐந்து நிமிஷம் நின்று மூச்சு வாங்கிவிட்டு ஏறினோம். கீழே முள்ளும் குட்டை மரங்களுமாக வறண்ட காடு, நம் ஊர்ப் பொட்டலில் பார்க்கிற மாதிரியே. ஏற ஏற மரம் உயர்ந்துகொண்டே போகிறது, இலை பெரிதாகிறது, மண் ஈரமாகிறது. ஒவ்வொரு நிறுத்தத்திலும் ஒரு இலையைப் பறித்து முகரக் கொடுத்தார், காற்று மாறுவதைக் கழுத்தில் உணரச் சொன்னார். ஆத்தாவுக்கு வாந்தி என்ற பேச்சே வரவில்லை. எலுமிச்சம்பழம் ஒரு காரணம், முன் சீட்டு ஒரு காரணம், அவசரம் இல்லாததுதான் பெரிய காரணம் என்று நினைக்கிறேன்.

மேலே ஏறக்குறைய ஆயிரம் மீட்டர் உயரம். கொடைக்கானல் இதைப்போல இரண்டு பங்கு. அதனால் இங்கே உறைகிற குளிர் இல்லை, ஒரு சால்வை போதும். புதூர், பழையூர், அகஸ்தியபுரம் என்று சின்னச் சின்ன ஊர்கள். அனுமன் சஞ்சீவி மலையைத் தூக்கிப் போகும்போது உடைந்து விழுந்த ஒரு துண்டுதான் சிறுமலை என்று அங்கே சொல்கிறார்கள். மூலிகை நிறைய இருப்பதால் வந்த கதையாக இருக்கலாம். நாங்கள் போன அன்று மஞ்சு இறங்கி, பத்தடிக்கு அந்தப் பக்கம் மரம் தெரியாமல் இருந்தது, ஒன்பது மணிக்கு மேல்தான் விலகியது.

மலை வழிகாட்டியின் தோட்டத்துக்கு வேன் போகாது. ஒரு ஜீப்பில் ஆத்தாவையும் இன்னும் மூன்று பேரையும் ஏற்றிவிட்டு, மற்றவர்கள் கால் மணி நேரம் நடந்தோம். அந்த நடையில் எதிரே குதிரைகள் வந்தன. இரண்டு பக்கமும் சாக்கு மூட்டை தொங்க, கயிறு பிடிக்க ஆள் இல்லாமல், பாதையை அதுகளே அறிந்து இறங்கிவருகின்றன. சிறுமலையில் ஜீப் ஏறாத சரிவுத் தோட்டங்களிலிருந்து காய், எலுமிச்சை, பலா, காபி எல்லாமே குதிரை முதுகில்தான் ரோட்டுக்கு வருகிறது. கல்லும் வேருமான ஒற்றையடிப் பாதையில் அதற்கு மாற்று இன்னும் வரவில்லை. கல்லூரிப் பிள்ளைகள் போட்டோ எடுக்கப் போனபோது, பாரத்தோடு வருகிற குதிரையை மறிக்கக்கூடாது, ஓரமாக ஒதுங்கி நில்லுங்கள் என்று அவர் கண்டிப்பாகச் சொன்னார். பிள்ளைகளும் உடனே ஒதுங்கினார்கள்.

தோட்டம் என்றால் நாம் நினைக்கிற மாதிரி வரிசையாக இல்லை. மேலே பெரிய மரங்கள் நிழல் கொடுக்கின்றன, அந்த மரங்களில் மிளகுக்கொடி சுற்றி ஏறியிருக்கிறது, நிழலுக்குள் காபிச் செடி, இடையிடையே வாழை, பந்தலில் சவ்சவ். கார்த்திகை என்பதால் காபிப் பழம் சிவந்து பறிப்புக்கு வந்திருந்தது, மிளகு பச்சையாகச் சரம் சரமாகத் தொங்கியது. பச்சை மிளகை ஆத்தா வாயில் போட்டுக் கடித்துப் பார்த்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டார். அப்புறம் வழிகாட்டி ஒரு மரப்பட்டையைக் காட்டினார். சாம்பல் நிறத்தில், ஓரம் சுருண்டு, காய்ந்த பூ இதழ் மாதிரி ஏதோ ஒட்டியிருந்தது. "ஆச்சி, இது என்னன்னு சொல்லுங்க பாப்போம்." ஆத்தா தொட்டுப் பார்த்தார், மோந்து பார்த்தார், தெரியவில்லை. "உங்க ஊர்க் கறிக்குழம்புல போடுவீகளே, கல்பாசி, அது இந்த இனந்தான்." ஐம்பது வருஷமாக அஞ்சறைப்பெட்டியில் வைத்துப் புழங்கியதை, அது ஒரு உயிராக ஒட்டிக்கொண்டிருக்கும் இடத்தில் ஆத்தா அன்றைக்குத்தான் பார்த்தார். பாசியும் பூஞ்சையும் ஒன்றாகச் சேர்ந்து வாழ்கிற உயிர் அது, பாறையிலும் மரத்திலும் மெதுவாக, வருஷக்கணக்கில் வளரும். காற்று கெட்டுப்போன இடத்தில் இந்த மாதிரிப் பாசி பலதும் தங்காது. செட்டிநாட்டுச் சமையல் வாசம் என்று நாம் பெருமையாகச் சொல்வதில் பாதி இப்படி ஏதோ ஒரு மலையில், யாரோ பார்த்துப் பறித்ததில் இருக்கிறது.

வாழைதான் எனக்கு முக்கியமான விஷயம். சிறுமலை மலைவாழைக்குப் புவிசார் குறியீடு உண்டு, 2008-09ல் விருப்பாட்சி மலைவாழையோடு சேர்த்துக் கொடுத்தது. அவர் சொன்னார்: "பழனிப் பஞ்சாமிர்தம் வருஷா வருஷம் கொண்டு போயிருப்பீங்கள்ல ஆச்சி, அதுல சேர்ற பழம் இதுதான். விருப்பாட்சிப் பழமும் சேரும், எங்க பழமும் சேரும்." மலைப்பழம் கீழே விளைகிற பழம் மாதிரி இல்லை. சதையில் ஈரம் குறைவு. தோல் கறுத்துச் சுருங்கினாலும் உள்ளே கெடாமல் இருக்கும். பஞ்சாமிர்தத்தில் பழம், சர்க்கரை, பேரீச்சை, கற்கண்டு, நெய், தேன், ஏலக்காய்தான், ஒரு சொட்டுத் தண்ணீர் சேர்ப்பதில்லை. அது அத்தனை நாள் தாங்குவதற்கு இந்தப் பழத்தின் ஈரக்குறைவும் ஒரு காரணம். பழனிப் பஞ்சாமிர்தத்துக்கும் 2019ல் புவிசார் குறியீடு கிடைத்தது.

ஆனால் அவர் தோட்டத்தில் வாழை குறைவாகத்தான் இருந்தது. ஏன் என்று கேட்டேன். முடிக்கொத்து நோய் என்றார். குருத்து இலைகள் விரியாமல், குட்டையாக, குத்துக் குத்தாக உச்சியில் நின்றுவிடும். அப்படி ஆன மரம் தார் போடாது. ஒரு வைரஸ், அதை மரத்துக்கு மரம் கடத்துவது அசுவினிப் பூச்சி. நோயுள்ள மரத்தின் பக்கக்கன்றை எடுத்து நட்டால் அதோடு நோயும் கூடவே போய்விடும். மருந்து அடித்துத் தீர்க்க முடியாது, வேரோடு பிடுங்கி அழிக்க வேண்டியதுதான். அவர் அப்பா காலத்தில் சரிவு முழுக்க வாழையாக இருந்ததாம், 1970களுக்குப் பிறகு மலை மலையாக அழிந்துபோய், வாழை வைத்திருந்தவர்கள் காபிக்கும் காய்களுக்கும் மாறினார்கள். இப்போது ஆய்வுக்கூடத்தில் திசு வளர்ப்பு முறையில் நோயில்லாத கன்று உண்டாக்கித் தருகிறார்கள், அவரும் கொஞ்சம் வாங்கி வைத்திருக்கிறார். ஒரு கன்றின் குருத்தை விரலால் விரித்து, கோடு எதுவும் இருக்கிறதா என்று எங்களுக்குக் காட்டியபடியே அவரும் பார்த்துக்கொண்டார். இல்லை. அடுத்த கன்றுக்குப் போனார். பிரசாதத்தை வருஷா வருஷம் வாங்கி ஊர் முழுக்கக் கொடுத்திருக்கிறோம், அதற்குப் பழம் தருகிற ஆளின் கவலையை ஒரு நாளும் கேட்டதில்லை என்று எனக்கு மனசு கனத்துப்போனது.

மதியச் சாப்பாடு அவர் வீட்டில். அவரைக்காய்ப் பொரியல், சவ்சவ் கூட்டு, மிளகு ரசம், மோர். சாப்பிட்டுவிட்டு ஆத்தா திண்ணையில் ஒரு மணி நேரம் படுத்துத் தூங்கினார். நடந்து பார்க்க விரும்பியவர்களை அவர் அகஸ்தியபுரம் பக்கம் கூட்டிப் போனார், நான் ஆத்தாவோடு இருந்துவிட்டேன். அந்த வீட்டு அம்மாவும் ஆத்தாவும் அப்புறம் காபி குடித்துக்கொண்டே மூட்டுவலி, மருமகள், மழை என்று பேசிய பேச்சை எழுதினால் இன்னொரு பதிவு ஆகும்.

நாலரை மணிக்கு இறங்க ஆரம்பித்தோம். பாதி வழியில் ஒரு வளைவில் அவர் நிறுத்தச் சொன்னார். ஓரத்தில் ஒரு குட்டைச் சுவர், அதற்கு அப்பால் சமவெளி முழுக்க விரிந்து கிடந்தது. மஞ்சு சுத்தமாக இல்லை. ஆத்தாவைக் கைபிடித்து இறக்கிச் சுவரோரம் நிறுத்தினேன். "அந்தா, தோப்பு தோப்பா இருக்கு பாருங்க ஆச்சி, அதுக்கு நடுவுல போகுதே கோடு மாதிரி, அதான் நத்தம் ரோடு." ஆத்தா கண்ணுக்கு மேல் கையை வைத்துக்கொண்டு வெகுநேரம் பார்த்தார். முதலில் பிடிபடவில்லை. ஒரு பஸ் போனதும் பிடிபட்டுவிட்டது. அந்தக் கோட்டை நத்தம் பக்கத்திலிருந்து திண்டுக்கல் பக்கம் வரைக்கும் விரலால் இழுத்துக்கொண்டே வந்தார், நடந்த திசையிலேயே. "இங்கன இருந்து பாத்தா நாங்க எறும்பு மாதிரித்தான் தெரிஞ்சிருப்போம்" என்றார். அப்புறம் செருப்பைக் கழற்றிவிட்டு, பழனி இருக்கிற மேற்குத் திசையைப் பார்த்துக் கும்பிட்டார். பள்ளத்தூர் அக்காவும் கும்பிட்டார். மற்றவர்கள் சும்மா நின்றார்கள், யாரும் போட்டோ எடுக்கவில்லை. வண்டிக்கு நேரமாகிறது என்று சாரும் சொல்லவில்லை.

ராத்திரி 9 மணிக்கு வீடு. போக நினைப்பவர்களுக்கு இரண்டு மூன்று விஷயம்: மழைக்குப் பிறகு, ஐப்பசியிலிருந்து தை வரைக்கும் நல்ல நேரம். சனி, ஞாயிறு கூட்டம் இருக்கும், முடிந்தால் வார நாளில் போங்கள். பிளாஸ்டிக் பாட்டில் வேண்டாம், வீட்டிலிருந்து எவர்சில்வரில் தண்ணீர் கொண்டு போங்கள். காட்டுமாடு உள்ள மலை, தனியாகக் காட்டுக்குள் இறங்காதீர்கள். மிளகு, காபி, எலுமிச்சை எதை வாங்கினாலும் தோட்டத்துக்காரர் கையில் நேரே காசைக் கொடுத்து வாங்குங்கள், பேரம் பேசாதீர்கள்.

வழிகாட்டி ஒரு சீப்பு மலைவாழை கொடுத்தனுப்பியிருந்தார். இரண்டாம் கட்டு உத்தரத்தில் தொங்கவிட்டோம். எட்டு நாளில் தோல் கறுத்துவிட்டது, ஊர்ப் பழம் என்றால் தூக்கிப் போட்டிருப்போம், உரித்தால் உள்ளே சந்தன நிறத்தில் அத்தனை இனிப்பு. ஆத்தா தன்னோடு நடந்தவர்களில் இன்னும் இருக்கிறவர்கள் வீட்டுக்கெல்லாம் ஒவ்வொன்று கொடுத்துவிடச் சொன்னார். தையில் எங்கள் தெருவிலிருந்து நடைக்குக் கிளம்பிய பிள்ளைகள் ஆசீர்வாதம் வாங்க வந்தபோது, விபூதி பூசிவிட்டு ஆத்தா சொன்னது: "நத்தம் தாண்டினதும் இடது பக்கம் பாத்து நடங்கப்பா. மேல ஒரு வளைவுல சின்னச் சுவர் இருக்கும். அங்கன இருந்து நீங்க போறது நல்லாத் தெரியும்."